எர்த்துக்குப் போட்ட சிவப்பு வயர்

இன்று சாயங்காலம் அண்ணி பதில் சொல்ல வேண்டும். தன்னைக் கட்டிக்கொள்ளச் சம்மதமா என்று கண்ணாடிக்காரர் நேரில் வந்து கேட்கிறேன் என்று சொல்லியிருந்தார். என்ன பதில் வரும் என்று அவரைத் தவிர எல்லோருக்கும் தெரியும். போன வாரமே அண்ணி மாமனாரிடம் தலையாட்டிவிட்டாள்.

நடுவில் வந்து சேர்ந்தவர்களுக்கு ஒரு வார்த்தை. இந்த வீட்டின் மூத்த பிள்ளை பெரியவன். கார் வயரிங் வேலை பார்த்தவன். சாமான் வாங்கிவரப் போனவன் திரும்பவில்லை. மாதக்கணக்கில் தேடினார்கள். பிறகு ஒருநாள் கால்வாயில் ஒரு உடம்பு ஒதுங்கியது. அண்ணி போய்ப் பார்த்து, தன் புருஷன்தான் என்றாள். கொண்டுவந்து புதைத்தார்கள். அதற்குப் பிறகு இரண்டு மழைக்காலம் போய்விட்டது.

இப்போது ஷெட்டின் ஒரு பாதியில் தம்பி சின்னவன் வயரிங் பார்க்கிறான். மறு பாதியில் அண்ணி மெஷின் போட்டு கார் சீட்டுக்கு உறை தைக்கிறாள். ஷெட்டுக்குப் பின்னால் வீடு. வீட்டில் அப்பா. கண்ணாடிக்காரர் கார்களுக்குக் கண்ணாடி மாட்டுகிறவர், மனைவியை இழந்தவர். உறை தைக்க வண்டி கொண்டுவந்து விட்டால் போக மாட்டார். மழை வரும்போல இருக்கே என்பார், மெஷின் சத்தம் மாறியிருக்கே என்பார். அவர் செய்த தப்பு அவ்வளவுதான்.

இன்று காலையிலேயே வானம் இருட்டிக்கொண்டு நின்றது. பல் டாக்டரம்மாவின் கார் ஷெட்டுக்குள் வந்து நின்றபோது, பட்டப்பகலில் அண்ணி லைட்டைப் போட வேண்டியிருந்தது.

டாக்டரம்மா இறங்கவில்லை. இஞ்சினை நிறுத்தி, சாவியை உருவி, கண்ணாடி வழியாகச் சின்னவன் கையில் கொடுத்தாள்.

"பேய் பிசாசெல்லாம் நம்புற ஆள் இல்ல நான். ஆனா இதுல தனியா உக்காரப் பயமா இருக்கு. நீங்களே பாருங்க."

காலால் பிரேக்கை மிதித்தாள்.

டேஷ்போர்டு விளக்குகள் மெதுவாக எரிந்தன. பளிச்சென்று இல்லை. தூங்குகிறவன் கண்ணைத் திறப்பது போல, கொஞ்சம் கொஞ்சமாக. ரேடியோவின் சின்ன ஜன்னலில் மங்கலாக வெளிச்சம் வந்தது. காலை எடுத்தாள். எல்லாம் அணைந்தது. மறுபடி மிதித்தாள். மறுபடி வந்தது. சாவி சின்னவன் உள்ளங்கையில்தான் இருந்தது.

மெஷின் சத்தம் நின்றதைக் கவனித்துச் சின்னவன் திரும்பினான். அண்ணி எழுந்து வந்து பின்னால் நின்றுகொண்டிருந்தாள்.

"உள்ள யாரோ முழிச்சுப் பாக்குற மாதிரி இருக்கு தம்பி," என்றாள் மெதுவாக.

சின்னவன் சிரித்தான். இது எர்த் கோளாறு என்று விளக்கினான். பேட்டரியிலிருந்து கிளம்புகிற கரண்ட் விளக்கை எரித்துவிட்டு, வண்டியின் பாடி வழியாகப் பேட்டரிக்கே திரும்பி வர வேண்டும். அதற்குப் பேர்தான் எர்த். அந்த வழி அறுந்துபோனால் கரண்ட் சும்மா இருக்காது. பக்கத்து விளக்குக்குள் புகுந்து, தனக்குச் சம்பந்தமே இல்லாத வயரில் தலைகீழாக ஓடி, எப்படியாவது வீடு திரும்பப் பார்க்கும். பிரேக் விளக்குக்குப் போன கரண்ட்தான் இங்கே டேஷ்போர்டில் வந்து எட்டிப் பார்க்கிறது. வழி தெரியாமல் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டுகிறது, வேறொன்றுமில்லை என்றான்.

டாக்டரம்மாவுக்கு முகம் தெளிந்தது. அண்ணி சிரிக்கவில்லை. போய் மெஷினில் உட்கார்ந்தாள்.

எப்போதிலிருந்து இப்படி என்று சின்னவன் கேட்டு வைத்துக்கொண்டான். வேறு ஒரு வேலைக்காக ஒரு கராஜில் விட்டதாகவும், அங்கிருந்து வந்த பிறகுதான் ஆரம்பித்தது என்றும் டாக்டரம்மா சொன்னாள். இன்னொரு இடத்தில் காட்டியதற்குப் பேட்டரியை மாற்றிக் கொடுத்தார்களாம். பேய் புதுப் பேட்டரியில் இன்னும் தெம்பாக வருகிறது என்று சொல்லிவிட்டு, மத்தியானம் வருவதாக ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டாள்.

சின்னவன் டிக்கியைத் திறந்தான். பின் விளக்கு இரண்டையும் கழற்றித் தொங்கவிட்டான். டெஸ்ட் லைட்டின் ஒரு முனையைப் பேட்டரி பிளஸ்ஸில் கவ்வவிட்டு, மறு முனையை இடதுபக்க விளக்கின் எர்த் முனையில் வைத்தான். எரிந்தது. வலதுபக்கம் வைத்தான். எரியவில்லை. ஒரு துண்டு வயரை எடுத்து, வலது விளக்கின் எர்த்தையும் வண்டியின் வெறும் இரும்பையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு, அண்ணியைக் கூப்பிட்டு பிரேக்கை மிதிக்கச் சொன்னான்.

"இப்ப எரியுதா உள்ள?"

"இல்ல. இருட்டா இருக்கு."

வயரை எடுத்தான்.

"வந்துருச்சு," என்றாள் அண்ணி. காலை எடுத்துவிட்டு இறங்கி, கதவைச் சாத்தாமலே போய்விட்டாள்.

கோளாறு தெரிந்துவிட்டது. இனி அறுந்த இடத்தைக் கண்டுபிடிக்க வேண்டியதுதான். விளக்கின் பின்னாலிருந்து ஒரு கருப்பு வயர் புறப்பட்டது. கார்களில் எர்த்துக்குக் கருப்புதான். அதைத் தொட்டுக்கொண்டே டிக்கியின் ஓரத்தில் கையை விட்டான். ஒரு சாண் தூரத்தில் விரலில் ஒரு முடிச்சு தட்டியது. அங்கே கருப்பு முடிந்து சிவப்பு வயர் ஆரம்பித்தது. அந்தச் சிவப்பு கார்ப்பெட்டுக்கு அடியில் போய், ஒரு போல்ட் பக்கத்தில், எதிலும் மாட்டாமல் கிடந்தது. அதன் நுனியில் யாரோ டேப் சுற்றி ஓரமாகத் தள்ளிவிட்டிருந்தார்கள்.

நடந்தது என்ன என்று அவனுக்குப் புரிந்தது. சிவப்பு என்றால் பிளஸ். பிளஸ் வயரைப் பாடியில் வைத்து முடுக்கியிருந்தால் யாருக்கும் பகீர் என்றுதான் இருக்கும். கராஜில் எவனோ பார்த்துவிட்டு, வண்டி பற்றி எரிந்துவிடும் என்று நல்ல எண்ணத்தில் கழற்றிவிட்டான். அவனைக் குறை சொல்ல முடியாது. யாராக இருந்தாலும் அதைத்தான் செய்வார்கள்.

ஆனால் எர்த்துக்குச் சிவப்பு போட்டது யார்?

சின்னவன் அந்த முடிச்சின் மேல் டேப்பைப் பிரித்தான். பசை இன்னும் பிசுபிசுவென்று இருந்தது. டேப்புக்கு அடியில் நூல். நெருக்கமாக, வரிசை பிசகாமல், சீட்டு தைக்கிற நைலான் நூல் சுற்றியிருந்தது. நூலுக்கு அடியில் கம்பி இடதுபக்கமாக முறுக்கி, மடக்கி விடப்பட்டிருந்தது.

அவன் டிக்கிக்குள் உட்கார்ந்துவிட்டான்.

அவன் அப்பாவுக்குச் சிவப்பும் கருப்பும் ஒன்று. கண்ணில் நோய் எதுவும் இல்லை, பிறவியே அப்படி. மற்ற நிறமெல்லாம் ஓரளவு பிடிபடும். சிவப்பு மட்டும் அவருக்குக் கருப்பாகத்தான் தெரியும். அது அவருக்கே தெரியாது. வேலை பழகிய நாளிலிருந்து சிவப்பு ரோலை எடுத்து வைத்துக்கொண்டு, கருப்பு என்று நினைத்து எர்த் கொடுத்து வந்தார். பேட்டரி லைனுக்கு மஞ்சள். பிள்ளைகள் இரண்டும் அவரிடம் கற்றதால், எர்த் என்றால் சிவப்பு என்றே வளர்ந்தன.

பெரியவன்தான் வெளி இடத்தில் வேலைக்குப் போனபோது அசிங்கப்பட்டுத் தெரிந்துகொண்டு வந்தான். அப்பாவிடம் சொல்லக் கூடாது என்று தம்பியிடம் சத்தியம் வாங்கினான். சின்னவன் நாளடைவில் கருப்புக்கு மாறிவிட்டான். பெரியவன் மாறவில்லை. நம்ம கடை வேலைன்னு பாத்ததும் தெரியட்டுமே என்பான். நூல் சுற்றுவதும் அவன் பழக்கம். அண்ணி மெஷினிலிருந்து திருடி வந்து சுற்றுவான், அவள் திட்டுவாள்.

இந்த உலகத்தில் எர்த்துக்குச் சிவப்பு போட்டு, இடதுபக்கம் முறுக்கி, நூல் சுற்றுகிற கை ஒன்றுதான். அந்தக் கை மண்ணுக்கடியில் இருக்கிறது.

விளக்கைத் திருப்பிப் பார்த்தான். வலதுபக்க விளக்கு மட்டும் புத்தம்புதுசு. முதுகில் ஒட்டின காகிதம்கூட உரியவில்லை.

வெளியே மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரையில் விழுந்த சத்தத்தில், தன் மூச்சுகூடத் தனக்குக் கேட்கவில்லை. அவனுக்குத் திடீரென்று முதுகுப்பக்கம் கூசியது. காருக்குள் யாரோ உட்கார்ந்து, சீட்டு வழியாகத் தன்னைப் பார்ப்பது போல இருந்தது. திரும்பிப் பார்க்கவே கொஞ்ச நேரம் பிடித்தது. காலி சீட்டுதான்.

வேலை கையோடு இருந்தது நல்லதாகப் போயிற்று. முடிச்சை இரண்டு பக்கமும் விட்டு வெட்டி, சட்டைப்பையில் போட்டுக்கொண்டான். சிவப்பு வயரை உருவி எறிந்தான். போல்ட் இருந்த இடத்தில் பெயிண்டை உப்புத்தாள் போட்டுத் தேய்த்து இரும்பை வெளுப்பாக்கினான். புதுசாகக் கருப்பு வயர் இழுத்து, நுனியில் லக் வளையத்தை வைத்து நசுக்கி, போல்ட்டை முடுக்கி, மேலே கிரீஸ் தடவினான். பிறகு தானே போய் உட்கார்ந்து பிரேக்கை மிதித்தான். பின்னால் சுவரில் சிவப்பு வெளிச்சம் நன்றாக விழுந்தது. முன்னால் டேஷ்போர்டு இருட்டாகவே இருந்தது. வேலை சுத்தம். ஆனாலும் அந்த இருட்டைப் பார்க்க அவனுக்கு என்னவோ செய்தது.

டாக்டரம்மா வந்ததும் விளக்கு எப்போது மாற்றியது என்று கேட்டான். இந்த மழைக்காலத்தின் ஆரம்பத்தில்தானாம். தங்கை வீட்டிலிருந்து திரும்பி வரும்போது பின்னால் ஒரு லாரி உரசிவிட்டது. ஆற்றுப் பாலத்தைத் தாண்டி லாரிகள் நிற்கிற இடத்தில் சின்னதாக ஒரு வயரிங் கடை இருந்தது. அங்கேயே விளக்கு வாங்கி மாட்டிக்கொண்டாள்.

கடைக்காரர் எப்படி இருந்தார் என்று சாதாரணமாகக் கேட்பது போலக் கேட்டான்.

"முகம் ஞாபகம் இல்லியே. தலையில துணி கட்டியிருந்தாரு. ஆனா ஒண்ணு சொல்லணும். முதல்ல நல்லா பேசிக்கிட்டேதான் வேலை பாத்தாரு. ஒரே தமாஷ். எந்த ஊர்னு கேட்டாரு. நம்ம ஊர் பேரைச் சொன்னேன். அதோட வாயை மூடிட்டாரு. குனிஞ்ச தலை நிமிரல. கிளம்பறேன்னு சொன்னப்பகூட நிமிரல. ஏன், வேலை சரியில்லையா?"

வேலையெல்லாம் நல்ல வேலைதான், நிறம்தான் மாறிப்போச்சு என்று சொல்லி அனுப்பிவைத்தான்.

கார் போன பிறகு ஷெட்டில் மழைச் சத்தமும் மெஷின் சத்தமும் மட்டும் இருந்தன. குப்பைத் தொட்டி கைக்கெட்டுகிற தூரத்தில்தான் இருந்தது. பையில் இருப்பதை எடுத்து அதில் போட்டுவிட்டால் இன்று சாயங்காலம் இந்த வீட்டில் ஒரு நல்ல காரியம் நடக்கும். அண்ணியைச் சம்மதிக்கச் சொல்லி மாதக்கணக்கில் கெஞ்சியதே அவன்தான். அவளுக்கு ஒரு வாழ்க்கை அமைந்த பிறகுதான் தனக்குக் கல்யாணம் என்று சொல்லிக்கொண்டிருந்தவன்.

எடுத்தான். தொட்டிப் பக்கம் போனான். அங்கிருந்து திரும்பி மெஷினுக்குப் போய், அவள் தைத்துக்கொண்டிருந்த துணி மேல் வைத்தான்.

அண்ணி காலை எடுத்தாள். மெஷின் நின்றது. அவள் முடிச்சைக் கையில் எடுக்கவில்லை. விரல் நுனியால் நூலைத் தடவினாள்.

"இது டாக்டரம்மா வண்டியில இருந்துச்சா?"

"ஆமா."

"எப்ப போட்டது?"

"இந்த மழைக்கு, அண்ணி."

அவள் அழுவாள் என்று நினைத்தான். கத்துவாள் என்று நினைத்தான். அவள் ஊசியைத் தூக்கி, துணியை வெளியே இழுத்து, நூலைக் கத்தரித்து, துணியை மடித்து ஓரமாக வைத்தாள். பிறகுதான் பேசினாள்.

"அன்னிக்கு அங்க படுத்திருந்தது உங்க அண்ணன் இல்ல. எனக்கு அப்பவே தெரியும்."

சின்னவன் பக்கத்து ஸ்டூலை இழுத்து உட்கார்ந்தான். அண்ணி தொடர்ந்தாள்.

"பேட்டரி விழுந்து நசுங்குன கால் கட்டைவிரல்ல அவருக்கு நகமே கிடையாதுல்ல? அந்த ஆளுக்குக் கால்ல எல்லா நகமும் இருந்துச்சு. முகம்தான் இல்ல."

பிறகு ஏன் அண்ணன்தான் என்று சொன்னாள் என்று அவன் கேட்கவில்லை. அவளே சொன்னாள். ஒவ்வொரு வண்டிச் சத்தத்துக்கும் மாமா வாசலுக்கு ஓடி வந்ததை, சாப்பாட்டில் கை வைக்காமல் எழுந்ததை, சின்னவன் வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராக ஆஸ்பத்திரிக் கட்டில்களில் படுத்திருந்தவர்களை எட்டிப் பார்த்துக்கொண்டு அலைந்ததை. ஒரு உடம்பு கிடைத்துவிட்டால் எல்லோரும் ஒருநாள் அழுதுவிட்டு ஒருநாள் தூங்கலாம் என்று தோன்றியது. கேட்டார்கள். ஆமாம் என்று சொல்லிவிட்டாள். மாமா அன்று ராத்திரி தூங்கினார்.

"அதை நினைச்சு நான் பயப்படல தம்பி. வேற ஒண்ணுதான் இத்தனை நாளா என்னைத் தின்னுது. அந்த ஆள் போட்டிருந்த சட்டை உங்க அண்ணனோடது. மேல் பித்தான் தெறிச்சு, நான் வேற நூல்ல தைச்சுக் குடுத்த சட்டை. அது எப்படி அந்த ஆள் மேல போச்சு?"

கூரையில் மழை குறைந்திருந்தது. எங்கோ தகரம் ஒழுகி, பெயிண்ட் டப்பாவில் சொட்டுச் சொட்டாக விழுகிற சத்தம் கேட்டது. சின்னவன் கண் முன்னால், பாலத்துக்கு அந்தப் பக்கம், தலையில் துணி கட்டிக் குனிந்திருக்கிற ஒருவன் வந்தான். நிமிராத ஒருவன்.

"அண்ணி, இது நம்ம ரெண்டு பேருக்குத்தான் தெரியும்," என்றான். "நான் தூக்கிப் போட்டுடறேன். நீங்க கண்ணாடிக்காரர்கிட்ட ஆமான்னு சொல்லிடுங்க."

"ஒரு தடவை ஆமான்னு சொன்னதே போதும்."

சாயங்காலம் கண்ணாடிக்காரர் குடையை வீட்டு வாசலில் மடக்கி வைத்துவிட்டு, புதுச் சட்டையில் வந்தார். ஷூவைக் கழற்ற ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டார். அப்பா தலை வாரி, நாற்காலியை இழுத்துப் போட்டு, மாப்பிள்ளை வருகிற வீடு மாதிரி வாய் நிறைய வரவேற்றார். மழையைப் பற்றிக் கொஞ்சம் பேசினார்கள். கார் கண்ணாடி விரிசல் விட்டால் எப்படி வளரும் என்பது பற்றி கண்ணாடிக்காரர் தேவைக்கு மேலேயே சொன்னார். அப்பா அதற்கெல்லாம் தலையாட்டினார்.

அண்ணி வந்து உட்காரவில்லை. நின்றபடியே சொன்னாள்.

"மன்னிச்சுக்குங்க. நான் உங்களுக்குப் பதில் சொல்ற நிலைமையில இல்ல. என் வீட்டுக்காரர் உயிரோட இருக்காரு."

அப்பாவின் கை நாற்காலிப் பிடியில் இறுகியது. கண்ணாடிக்காரர் அவளைப் பார்த்தார், பிறகு சின்னவனைப் பார்த்தார். அவர் கோபப்படவில்லை. குரல் மட்டும் சின்னதாகிவிட்டது.

"எப்படித் தெரியும்?"

சின்னவன் முடிச்சை எடுத்து அவரிடம் கொடுத்து, எந்த வண்டியில், எந்த இடத்தில் இருந்தது, ஆற்றுப் பாலத்தைத் தாண்டி எந்தக் கடையில் போட்டது என்று சொன்னான். கண்ணாடிக்காரர் வண்டி வேலைக்காரர், வயர் கொஞ்சம் தெரிந்தவர். திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"எர்த்துக்கா இதைப் போட்டிருக்காரு? இது சிவ..."

சின்னவன் தலையை மெல்ல அசைத்தான், வேண்டாம் என்று. அதற்குள் அப்பா கையை நீட்டிவிட்டார்.

அவர் அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். நூலை நகத்தால் நெருடினார். முறுக்கு எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்தார்.

"கருப்பு வயர். இடது முறுக்கு. நூல் கட்டு," என்றார். "என் பிள்ளை வேலைதான். இதுல சந்தேகமே வேண்டாம்."

கண்ணாடிக்காரர் அந்தச் சிவப்பு வயரைப் பார்த்தார். அப்பா, சின்னவன் இருவர் முகத்தையும் பார்த்தார். ஆமாம் என்று தலையாட்டினார்.

அப்பா அழுவார், கும்பிடுவார், இப்போதே போவோம் என்று எழுந்திருப்பார் என்று எதிர்பார்த்து எல்லோரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் முடிச்சை மடியில் வைத்துக்கொண்டார். சந்தோஷம் முகத்தில் வந்தது, வந்த வேகத்திலேயே நின்றுபோனது. அவர் வேறு எதையோ கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார்.

"ஏம்மா," என்று மருமகளைக் கூப்பிட்டார். "அப்ப நாம மண்ணு போட்டது யாருக்கு?"



"தெரியல மாமா."

"அவங்க வீட்லயும் ஒரு அப்பன் இருப்பானே. இன்னும் வாசல்ல வந்து வந்து பாத்துக்கிட்டு இருப்பானே."

சின்னவன் அண்ணியைப் பார்த்தான். அவளும் அவனைப் பார்த்தாள். செத்தவன் மேல் பெரியவன் சட்டை எப்படி வந்தது என்று அவர் இன்னும் கேட்கவில்லை. கேட்பார்.

கண்ணாடிக்காரர்தான் எழுந்தார். புதுச் சட்டையின் கையை மடித்துவிட்டுக்கொண்டு, வண்டி வெளியே நிற்கிறது என்றார். பாலம் வரைக்கும் தானே ஓட்டுவதாகச் சொன்னார். மழைக்குப் பயந்தால் முடியாது, இருட்டுவதற்குள் போய்விடலாம் என்றார்.

பெரியவனின் அப்பா மட்டும் எழுந்து நின்றார். பெரியவனின் பெண்சாதியும் தம்பியும் அசையவில்லை.